அரை இன்ச் பைப்பில் அரை இன்ச் எங்கே?

முதலிலேயே ஒரு உண்மையைச் சொல்லிவிடுகிறேன். நான் மெக்கானிக்கல் ஃபைனல் இயர். ஃப்ளூயிட் மெக்கானிக்ஸில் நல்ல மார்க். மூடி சார்ட்டைப் பார்த்து ஃப்ரிக்‌ஷன் ஃபேக்டர் எடுக்கச் சொன்னால் தூக்கத்தில்கூட எடுப்பேன். ஆனால் போன செமஸ்டர் வரைக்கும், ‘ஒரு இன்ச் பைப்’ என்றால் அதில் எது ஒரு இன்ச் என்று எனக்குத் தெரியாது. தெரியாது என்பதே தெரியாது. அதுதான் பெரிய பிரச்சினை.

எங்கள் ப்ராஜெக்ட் ரொம்ப சிம்பிள். ஒரு ஜிஐ பைப்பில் தண்ணீர் ஓடவிட வேண்டும், இரண்டு இடத்தில் பிரஷர் அளக்க வேண்டும், ஃப்ரிக்‌ஷன் ஃபேக்டர் கண்டுபிடிக்க வேண்டும். அதைத் தாங்க இரண்டு ஸ்டாண்ட் பிளேட். ஒரு இன்ச் என்றால் 25.4 மி.மீ., கொஞ்சம் இடம் விட்டு 26 மி.மீ. ஓட்டை என்று கேட் மாடலில் போட்டு, அம்பத்தூர் எஸ்டேட்டில் லேசர் கட்டிங் கொடுத்து பிளேட்டும் வாங்கிவிட்டோம். அப்புறம் பாடியில் எம்.டி.எச். ரோடு பக்கம் ஒரு ஹார்ட்வேர்ஸ் கடையில் ஒரு இன்ச் ஜிஐ பைப் வாங்கி, ஷேர் ஆட்டோவில் நீட்டிக்கொண்டு வந்து சேர்த்தோம்.

பைப் பிளேட்டுக்குள் போகவில்லை. கொஞ்சம் டைட்டாக இருக்கிறது என்ற கதையே இல்லை. வாசலிலேயே நின்றுவிட்டது. வெர்னியர் வைத்தால் 33.7 மி.மீ.

நேராகக் கடைக்குப் போய், “அண்ணா, தப்பான பைப் குடுத்துட்டீங்க”ன்னு கொஞ்சம் குரல் உயர்த்தியே கேட்டேன். அவர் பைப்பைக்கூடப் பார்க்கவில்லை. “தம்பி, இது ஒரு இன்ச்தான். நீ எந்த காலேஜ்?”னு திருப்பிக் கேட்டார். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லாமல் வந்துவிட்டேன். காலேஜ் பேரைக் காப்பாற்றிய ஒரே சந்தர்ப்பம் அதுதான்.

அந்த 33.7 எங்கிருந்து வந்தது என்று தேடிப் போனபோது கற்றுக்கொண்டதுதான் இந்தக் கட்டுரை. நீங்கள் மெக்கானிக்கலோ, சிவிலோ, கெமிக்கலோ, ஒருநாள் பைப் வாங்கத்தான் போகிறீர்கள். என்னைப்போல் போகாதீர்கள்.

ஓ.டி., ஐ.டி.: இரண்டு எழுத்து, இரண்டு உலகம்

எங்கள் ஏரியாவில் ஓ.டி. என்றால் அம்பத்தூர் பஸ் ஸ்டாண்ட். ஐ.டி. என்றால் ஓ.எம்.ஆர். வேலை. ஆனால் பட்டறையில் ஓ.டி. என்றால் வெளிவிட்டம், ஐ.டி. என்றால் உள்விட்டம். இரண்டுக்கும் நடுவில் இருப்பது சுவர் கனம். ஒரு பைப்பைச் சொல்ல இந்த மூன்றில் ஏதாவது இரண்டு போதும். மூன்றாவது தானாக வந்துவிடும்:

உள்விட்டம் = வெளிவிட்டம் − 2 × சுவர் கனம்

அந்த 2-ஐ மறக்காதீர்கள். சுவர் இரண்டு பக்கமும் இருக்கிறது.

இப்போது நாங்கள் வாங்கிய பைப்பைப் பார்ப்போம். ஐஎஸ் 1239 என்ற இந்தியத் தரப்படி, ஒரு இன்ச் மீடியம் கிளாஸ் பைப்பின் வெளிவிட்டம் சுமார் 33.7 மி.மீ., சுவர் கனம் 3.2 மி.மீ. அப்படியானால் உள்விட்டம் 33.7 − 6.4 = 27.3 மி.மீ.

கவனித்தீர்களா? ஒரு இன்ச் என்பது 25.4. வெளியே 33.7. உள்ளே 27.3. 25.4 எங்கேயும் இல்லை! அரை இன்ச் மீடியம் பைப்பும் இதே கதைதான். வெளியே 21.3, சுவர் 2.6, உள்ளே 16.1. ஆனால் அரை இன்ச் என்பது 12.7.

அதாவது ‘ஒரு இன்ச்’ என்பது அளவு இல்லை, பெயர். ஸ்டாண்டர்டுகளில் இதற்கு நாமினல் சைஸ் என்று பெயர். நாமினல் என்றாலே ‘பெயருக்கு’ என்றுதான் அர்த்தம். நாம்தான் அந்த வார்த்தையைப் படித்துவிட்டு, அர்த்தத்தை விட்டுவிடுகிறோம். மில்லிமீட்டர் கணக்கில் சொல்லும் டிஎன் 25 என்பதும் அளவு இல்லை, அதுவும் பெயர்தான். டிஎன் 25 பைப்பில் 25 மி.மீ. தேடினால் கிடைக்காது.

பெயர் எப்படிப் பொய்யானது?

ஸ்கூலில் ஒருத்தனுக்கு ‘குண்டு’ன்னு பேர் வைத்திருப்போம். அவன் ஜிம்முக்குப் போய் ஒல்லியாகி வந்தாலும் பேர் மாறாது. பைப்புக்கும் இதேதான் நடந்தது.

19-ஆம் நூற்றாண்டில் இரும்புப் பைப்பின் முக்கிய வேலை தண்ணீர், நீராவி, கேஸ் கொண்டுபோவது. வாங்குபவனுக்கு முக்கியம் உள்ளே எவ்வளவு ஓடும் என்பது. அதனால் பெயர் உள்விட்டத்தை ஒட்டி வைக்கப்பட்டது. அன்றைய இரும்புக்கும் உருவாக்கும் முறைக்கும் சுவர் கனமாகத்தான் இருந்தாக வேண்டும்.

ஆனால் பைப்பை இணைப்பது எப்படி? வெளிப்பக்கம் மரை வெட்டி, சாக்கெட்டில் முறுக்க வேண்டும். மரை வெளியே இருப்பதால், எல்லா ஊரிலும் பொருந்த வேண்டியது வெளிவிட்டம்தான். பிரிட்டனில் ஜோசப் விட்வொர்த் 1841-இல் முன்வைத்த மரை முறையிலிருந்துதான் நம் ஊர்க் கடைகளில் இன்றும் இருக்கும் பிஎஸ்பி மரை வந்தது. அமெரிக்காவில் ராபர்ட் பிரிக்ஸ் 1862 வாக்கில் பைப் அளவுகளையும் மரையையும் வகுத்தார். 1886-இல் அங்குள்ள தயாரிப்பாளர்கள் அதைப் பொதுவாக ஏற்றுக்கொண்டார்கள்.

அப்புறம் நல்ல ஸ்டீல் வந்தது. அதே பிரஷரைத் தாங்க மெல்லிய சுவரே போதும் என்றானது. சுவரை எந்தப் பக்கம் குறைப்பது? வெளிப்பக்கம் குறைத்தால் ஊரில் உள்ள எல்லா எல்போவும், டீயும், சாக்கெட்டும், மரை வெட்டும் டையும் குப்பைக்குப் போகும். அதனால் உள்பக்கம் குறைத்தார்கள். உள்விட்டம் பெரிதானது. பெயர் மட்டும் பழையதே. ‘ஒரு இன்ச்’ அப்படித்தான் 27.3 ஆனது.

இதிலிருந்து கிடைக்கும் முதல் விதி: ஒரே நாமினல் சைஸ் பைப்பில் வெளிவிட்டம் மாறாது. சுவர் உள்பக்கம்தான் வளரும், உள்பக்கம்தான் குறையும்.

மஞ்சள், நீலம், சிவப்பு

ஜிஐ பைப் கடையில் அடுக்கி வைத்திருக்கும்போது அதில் ஒரு கலர் பட்டை இருப்பதைப் பார்த்திருக்கிறீர்களா? நான் அது கம்பெனி டிசைன் என்று நினைத்திருந்தேன். ஐஎஸ் 1239-இல் மஞ்சள் என்றால் லைட், நீலம் என்றால் மீடியம், சிவப்பு என்றால் ஹெவி. கடையில் ஏ கிளாஸ், பி கிளாஸ், சி கிளாஸ் என்றும் சொல்வார்கள். அரை இன்ச் பைப்பில் வித்தியாசம் சுமாராக இப்படி:

லைட்: சுவர் 2.0 மி.மீ., உள்விட்டம் 17.3 மி.மீ.
மீடியம்: சுவர் 2.6 மி.மீ., உள்விட்டம் 16.1 மி.மீ.
ஹெவி: சுவர் 3.2 மி.மீ., உள்விட்டம் 14.9 மி.மீ.

மூன்றுக்கும் பெயர் அரை இன்ச்தான், மூன்றும் ஒரே சாக்கெட்டில் ஏறும். ஆனால் லைட் பைப்பின் உள்பரப்பு ஹெவியைவிட சுமார் 35 சதவீதம் அதிகம். கால்குலேட்டரில் 17.3-ஐயும் 14.9-ஐயும் ஸ்கொயர் பண்ணி வகுத்துப் பாருங்கள்.

பெரிய இண்டஸ்ட்ரி டிராயிங்குகளில் லைட், மீடியம் எல்லாம் வராது. அங்கே ‘ஷெட்யூல் 40’, ‘ஷெட்யூல் 80’ என்று வரும். இது அமெரிக்க முறை, 1939-இல் ஸ்டாண்டர்டாக வந்தது. ஷெட்யூல் நம்பருக்குப் பின்னால் ஒரு அழகான யோசனை இருக்கிறது:

ஷெட்யூல் ≈ 1000 × பிரஷர் ÷ அனுமதிக்கப்பட்ட ஸ்ட்ரெஸ்

பிரஷர் கூடினால் கனம் கூட வேண்டும், மெட்டீரியல் பலமானால் கனம் குறையலாம். இரண்டையும் ஒரே நம்பரில் அடக்கிவிட்டார்கள். அதனால்தான் ஷெட்யூல் 40 என்பது ஒரு குறிப்பிட்ட மில்லிமீட்டர் இல்லை. ஷெட்யூல் 40-இல் அரை இன்ச் பைப்பின் சுவர் 2.77 மி.மீ., 2 இன்ச்சில் 3.91 மி.மீ., 6 இன்ச்சில் 7.11 மி.மீ. விட்டம் பெரிதானால் அதே பிரஷரைத் தாங்க சுவரும் பெரிதாக வேண்டும். மூன்றாம் செமஸ்டரில் படித்த தின் சிலிண்டர் ஃபார்முலா, ஹூப் ஸ்ட்ரெஸ், ஞாபகம் இருக்கா? அதேதான்.

இன்டர்வியூவில் கேட்க வாய்ப்புள்ள ஒரு விஷயம். 12 இன்ச் பைப்பின் வெளிவிட்டம் 323.8 மி.மீ., அதாவது 12.75 இன்ச். ஆனால் 14 இன்ச் பைப்பின் வெளிவிட்டம் 355.6 மி.மீ. இது மிகச் சரியாக 14 இன்ச். இந்த முறையில் 12 வரைக்கும் பெயர் வெறும் பெயர். 14-இலிருந்து பெயர்தான் வெளிவிட்டம். பைப் உலகம் திருந்தியது 14 இன்ச்சில்தான்.

ட்யூப் பொய் சொல்லாது

இப்போது ஆவடி பக்கம் போவோம். அங்கே 1955-இல் தொடங்கப்பட்ட ட்யூப் ப்ராடக்ட்ஸ் ஆஃப் இந்தியா இருக்கிறது. அம்பத்தூரில் 1949-இல் தொடங்கிய டிஐ சைக்கிள்ஸுக்கும் இதற்கும் தாய் நிறுவனம் ஒன்றே. சைக்கிளுக்கும் ட்யூபுக்கும் என்ன உறவு? சைக்கிள் ஃபிரேமே ட்யூப்தான். (டயருக்குள் இருக்கும் ட்யூபைச் சொல்லவில்லை!)

சைக்கிள் ஃபிரேம் செய்பவருக்கு உள்ளே என்ன ஓடும் என்ற கவலையே இல்லை. உள்ளே ஓடுவது காற்றுகூட இல்லை. அவருக்கு வேண்டியது இரண்டே விஷயம்: லக்கில் சரியாகப் பொருந்தும் வெளிவிட்டம், பலத்துக்குச் சுவர் கனம். அதனால் ட்யூபில் சொல்லும் அளவு உண்மையான வெளிவிட்டம். பழைய இங்கிலீஷ் முறை ஸ்டீல் ஃபிரேமில் சீட் ட்யூப் ஒன்றேகால் அரைக்கால் எல்லாம் இல்லை, ஒன்று அரைக்கால் இன்ச். அதாவது 28.6 மி.மீ. வெர்னியர் வைத்தால் வெர்னியரும் 28.6 என்றுதான் சொல்லும்.

ஒரு வரியில் சொன்னால்: பைப் என்பது உள்ளே ஓடுவதற்காக, பெயரால் அழைக்கப்படுவது. ட்யூப் என்பது வெளியே பொருந்துவதற்காக, அளவால் அழைக்கப்படுவது.

பாடியைச் சுற்றி இருக்கும் வேலை பெரும்பாலும் இந்த ட்யூப் உலகம்தான். லூகாஸ் டிவிஎஸ், பிரேக்ஸ் இந்தியா, வீல்ஸ் இந்தியா என்று ஆட்டோமொபைல் பாகங்கள் செய்யும் ஊர் இது. கார் பிரேக் லைனில் பரவலாக வரும் மெல்லிய ஸ்டீல் ட்யூப் 4.76 மி.மீ., அதாவது ஒரு இன்ச்சின் பதினாறில் மூன்று. அதுவும் உண்மையான வெளிவிட்டம். ஏசி மெக்கானிக் ‘கால் இன்ச் காப்பர்’ என்று சொன்னால் வெளிவிட்டம் நிஜமாகவே 6.35 மி.மீ.

ஆனால் ஹோஸ் வந்தால் மறுபடி மாறும். ஹைட்ராலிக் ஹோஸில் சொல்வது உள்விட்டம். அரை இன்ச் ஹோஸ் என்றால் உள்ளே 12.7. ரப்பருக்கு வெளியே எத்தனை கம்பிப் பின்னல் என்பது ஹோஸுக்கு ஹோஸ் மாறும், அதனால் உள்விட்டத்தைத்தான் பிடித்துக்கொள்ள முடியும்.

ட்யூபின் சுவர் கனத்தைப் பட்டறையில் கேஜ் கணக்கில் சொல்வார்கள். 16 கேஜ் என்றால் 1.63 மி.மீ., 18 கேஜ் 1.22, 20 கேஜ் 0.91. நம்பர் கூடினால் கனம் குறையும். ஏன் தலைகீழ்? இது கம்பி இழுக்கும் தொழிலில் இருந்து வந்த கணக்கு. கம்பியை ஒவ்வொரு ஓட்டையாக விட்டு இழுக்க இழுக்க மெலியும். அதிக தடவை இழுத்தது, அதிக நம்பர். ஆஸ்பத்திரி ஊசியிலும் இதே தலைகீழ்தான். கேஜ் நம்பர் கூடினால் ஊசி மெல்லிசு. அடுத்தமுறை நர்ஸ் பெரிய நம்பர் சொன்னால் சந்தோஷப்படுங்கள்.

கடைசியாக ஒரு குழப்பம். ஐஎஸ் 1239-இன் தலைப்பில் ‘பைப்’ என்ற வார்த்தை இல்லை, ‘ஸ்டீல் ட்யூப்ஸ்’ என்றுதான் இருக்கிறது. நாம் காலங்காலமாக ஜிஐ பைப் என்று கூப்பிடுவதை ஸ்டாண்டர்டு ட்யூப் என்கிறது. அதனால் வார்த்தையை நம்பாதீர்கள். வெளிவிட்டமா, பெயரா என்று கேளுங்கள்.

மூன்று அரை இன்ச்

ஜிஐ போய் பிளாஸ்டிக் வந்தது. குழப்பம் போகவில்லை, மூன்றாகிவிட்டது. இன்று ஒரு ஹார்ட்வேர்ஸ் கடையில் ‘அரை இன்ச் பிளாஸ்டிக் பைப்’ கேட்டால் மூன்று வேறு வேறு சாமான் வரலாம்:

ஒன்று, ஐஎஸ் 4985 பிவிசி. விவசாயத்துக்கும் பொதுத் தண்ணீர் லைனுக்கும் வருவது. இதில் மில்லிமீட்டரில் உண்மையான வெளிவிட்டம்: 20, 25, 32, 40, 50, 63, 75, 90, 110. அரை இன்ச் என்று கடையில் சொல்வது 20 மி.மீ.

இரண்டு, ஷெட்யூல் 40, 80 என்று போட்டு வரும் யூபிவிசி. இது பழைய இரும்புப் பைப் அளவு. அரை இன்ச்சின் வெளிவிட்டம் 21.3 மி.மீ.

மூன்று, வெந்நீர் லைனுக்கு வரும் சிபிவிசி. இது காப்பர் ட்யூப் அளவைப் பின்பற்றுகிறது. தண்ணீருக்கான காப்பர் ட்யூபில் வெளிவிட்டம் என்பது பெயருடன் அரைக்கால் இன்ச் கூட்டியது. அரை இன்ச்சும் அரைக்காலும் சேர்ந்தால் 15.9 மி.மீ. ஒரு இன்ச் சிபிவிசி 28.6 மி.மீ. இந்த நம்பரை எங்கேயோ பார்த்தோமே? ஆமாம், சைக்கிள் சீட் ட்யூப்.

20, 21.3, 15.9. ஒரே பெயர், மூன்று ஆள். ஒன்றின் எல்போவில் இன்னொன்று நிற்காது. 20 மி.மீ. பைப்பை 21.3 சாக்கெட்டில் நிறைய சொல்யூஷன் தடவி ஒட்டினால் அன்றைக்கு நிற்கும். மோட்டார் போட்டால் பிடுங்கிக்கொண்டு போகும்.

அப்படியானால் ஜிஐ லைனில் சிபிவிசியை எப்படிச் சேர்க்கிறார்கள்? மரை வைத்த அடாப்டர் போட்டு. ஒருபக்கம் ஒட்டும் சாக்கெட், மறுபக்கம் அரை இன்ச் பிஎஸ்பி மரை. மெட்டீரியல் எத்தனை மாறினாலும் அந்த மரை மாறவில்லை. டேப்பும், ஷவரும், கீசரும் எல்லாம் அந்த ஒரே மரையில்தான் சமாதானமாகின்றன. அந்த அரை இன்ச் மரையின் வெளிவிட்டமும் 20.955 மி.மீ. என்பது வேறு விஷயம்.

மரையிலும் ஒரு பள்ளம் இருக்கிறது. நாங்கள் விழுந்தோம். ஆன்லைனில் வாங்கிய பிரஷர் சென்சாரில் இருந்தது கால் இன்ச் என்பிடி, அதாவது அமெரிக்க மரை, இன்ச்சுக்கு 18 சுற்று, 60 டிகிரி. எங்கள் டீயில் இருந்தது பிஎஸ்பி, இன்ச்சுக்கு 19 சுற்று, 55 டிகிரி. இரண்டு சுற்று அழகாகப் போனது, அப்புறம் இறுகிவிட்டது. டெஃப்லான் டேப் எத்தனை சுற்றினாலும் ஒழுகல் நிற்கவில்லை. அரை இன்ச்சில் இன்னும் மோசம். இரண்டிலும் இன்ச்சுக்கு 14 சுற்றுதான், அதனால் ஏறுவதுபோலவே ஏறும். கோணம் வேறு என்பதால் ஒழுகும்.

பிளாஸ்டிக்கில் கனத்தை எப்படிச் சொல்வார்கள்? பிவிசியில் ‘ஆறு கிலோ பைப்’ என்பார்கள். பைப்பின் எடை இல்லை, ஒரு சதுர செ.மீ.க்கு ஆறு கிலோ பிரஷர் தாங்கும் என்று அர்த்தம். 10 மீட்டர் உயரத் தண்ணீர் சுமார் ஒரு கிலோ பிரஷர் தரும் என்று வைத்துக்கொண்டால், இரண்டு மாடி வீட்டு டேங்க் கீழே உள்ள குழாயில் ஒரு கிலோகூடத் தராது. அப்புறம் எதற்கு ஆறு? வெயில், சட்டென்று வால்வை மூடும்போது வரும் அடி, மோட்டார் லைன், எல்லாவற்றுக்கும் சேர்த்துத்தான்.

ஹெச்டிபிஇ பைப்பிலும் சிபிவிசியிலும் எஸ்டிஆர் என்று ஒரு நம்பர் வரும். வெளிவிட்டத்தைச் சுவர் கனத்தால் வகுத்தால் எஸ்டிஆர். நம்பர் குறைந்தால் சுவர் கனம், பைப் பலசாலி. இதன் அழகு என்னவென்றால், ஒரே மெட்டீரியலில் ஒரே எஸ்டிஆர் என்றால் சைஸ் எதுவானாலும் தாங்கும் பிரஷர் ஒன்றே:

பிரஷர் = 2 × ஸ்ட்ரெஸ் ÷ (எஸ்டிஆர் − 1)

பிஇ 100 என்ற மெட்டீரியலுக்கு டிசைன் ஸ்ட்ரெஸ் 8 எம்பிஏ. எஸ்டிஆர் 11 என்றால் 16 ÷ 10 = 1.6 எம்பிஏ, அதாவது 16 பார். எஸ்டிஆர் 17 என்றால் 16 ÷ 16 = 1 எம்பிஏ, 10 பார். பைப் மேல் அச்சடித்திருக்கும் பிஎன் 16, பிஎன் 10 இதுதான். இனி ரோட்டோரம் கறுப்பு பைப் சுருள் கிடந்தால் வாசித்துப் பாருங்கள், கணக்கு சரியாக வரும்.

இதெல்லாம் எதற்கு? எங்கள் 30 சதவீதக் கதை

பிளேட்டை 34.5 மி.மீ. ஓட்டையோடு மறுபடி வெட்டி, ரிக்கை நிறுத்திவிட்டோம். ஆனால் எக்ஸெல் ஷீட்டில் விட்டம் 25.4 என்று போட்டதை மாற்றவில்லை. “வெளியேதான் 33.7, உள்ளே கரெக்டா ஒரு இன்ச் இருக்கும்” என்று நாங்களே முடிவு செய்துகொண்டோம். பாதி கற்றுக்கொள்வது எவ்வளவு ஆபத்து என்பதற்கு நாங்களே சாட்சி.

ரீடிங் எடுத்தோம். ரெனால்ட்ஸ் நம்பர் இருபதாயிரம் சொச்சத்தில் ஃப்ரிக்‌ஷன் ஃபேக்டர் 0.025 வந்தது. வழவழப்பான பைப்புக்கே அந்த இடத்தில் 0.026 வர வேண்டும். எங்களுடையதோ உள்ளே சொரசொரப்பான ஜிஐ. கண்ணாடியைவிட வழவழப்பான ஜிஐ பைப்பை உலகத்தில் முதன்முதலில் பாடியில் கண்டுபிடித்திருந்தோம்.

ரிவ்யூவுக்கு இரண்டு நாள். டீமில் ஒருத்தன் மெதுவாகச் சொன்னான், “மச்சான், பிரஷர் ரீடிங்கைக் கொஞ்சம் ஏத்திடலாம்டா. யாரு பாக்கப் போறாங்க?” நம் லேப் ரெக்கார்டுகளில் ரீடிங் ‘சமைப்பது’ புதிதா என்ன? நானும் உடனே மறுக்கவில்லை. அதை இங்கே ஒப்புக்கொள்கிறேன். ராத்திரி வீட்டில் உட்கார்ந்து எவ்வளவு ஏற்றினால் கிராஃப் அழகாக வரும் என்று கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன்.

அப்பா எஸ்டேட்டில் ஒரு சின்ன கம்பெனியில் ஃபிட்டர். இருபத்தைந்து வருஷத்துக்கு மேல். அவரிடம் நான் இதுவரை ப்ராஜெக்ட் பற்றிப் பேசியதில்லை. நான் இங்கிலீஷில் படித்ததை அவரிடம் தமிழில் எப்படிச் சொல்வது என்ற கூச்சம் என்று சொல்லிக்கொள்வேன். உண்மை அதைவிடக் கொஞ்சம் அசிங்கமானது. அவருக்குத் தெரியாது என்று நினைத்திருந்தேன்.

“என்னடா இவ்ளோ நேரம்?”

“ப்ராஜெக்ட்ல விட்டம் ஏதோ உதைக்குதுப்பா.”

“என்ன பைப்?”

“ஒரு இன்ச் ஜிஐ. மீடியம்.”

“உள்ள எவ்ளோ?”

“25.4.”

“அளந்தியா?”

நான் பதில் சொல்லவில்லை. வெட்டின பைப் முனையில் பிசிறு இருக்கும், வெர்னியரின் உள் அலகு சரியாக உட்காராது, அதனால் அளக்கவில்லை என்று இழுத்தேன். அவர் சாப்பிட்டுக்கொண்டே சொன்னார்: “மீட்டர் நீளத்துக்கு ஒரு துண்டு வெட்டு. ஒரு பக்கம் அடை. தண்ணிய ஊத்தி, எவ்ளோ புடிக்குதுன்னு அளந்து பாரு. பைப்பே சொல்லிடும்.”

மறுநாள் லேபில் அதையே செய்தோம். 25.4 என்பது உண்மையானால் ஒரு மீட்டர் பைப்பில் 507 மி.லி. பிடிக்க வேண்டும். 27.3 என்றால் 585 மி.லி. மெஷரிங் ஜாரில் கொட்டிப் பார்த்தால் 580-ஐத் தாண்டி நின்றது. மூன்று தடவை ஊற்றினோம். மூன்று தடவையும் அங்கேதான்.

இப்போது கணக்கைப் பாருங்கள். பிரஷர் டிராப்பிலிருந்து ஃப்ரிக்‌ஷன் ஃபேக்டர் எடுக்கும்போது, ஃப்ளோ ரேட் தெரிந்தால், அது விட்டத்தின் ஐந்தாம் அடுக்குக்கு நேர் விகிதம். 27.3-க்கும் 25.4-க்கும் வித்தியாசம் ஏழரை சதவீதம்தான். ஆனால் 1.075-ஐ ஐந்து தடவை பெருக்கினால் 1.43. அதாவது தப்பான விட்டத்தால் எங்கள் விடை 30 சதவீதம் குறைந்திருந்தது. 0.025-ஐ 1.43-ஆல் பெருக்கினால் 0.036. மூடி சார்ட்டில் ஜிஐ பைப்புக்கான கோடு கிட்டத்தட்ட அங்கேதான் போகிறது.

ரீடிங் எல்லாம் முதலிலிருந்தே சரியாகத்தான் இருந்தன. நாங்கள் ‘சரிசெய்ய’ நினைத்தது சரியாக இருந்ததை. மாற்ற வேண்டியிருந்தது ஒரே ஒரு செல்லை.

இன்னொரு கணக்கு. பெயரை நம்பினால், ஒரு இன்ச் பைப்பின் உள்பரப்பு அரை இன்ச்சைப்போல நான்கு மடங்கு. உண்மை அளவு போட்டால் 27.3-க்கும் 16.1-க்கும் 2.9 மடங்குதான். வீட்டுக்கு பிளம்பிங் டிசைன் பண்ணும் சிவில் நண்பர்கள் கவனிக்கவும்.

கடைக்குப் போகும் முன்

கடையில் கேட்க வேண்டியது ஐந்து: என்ன மெட்டீரியல், என்ன சைஸ், என்ன கிளாஸ் அல்லது ஷெட்யூல் அல்லது எஸ்டிஆர், மரையா ஒட்டா, மரை என்றால் பிஎஸ்பியா என்பிடியா. இந்த ஐந்தும் சொன்னால் கடைக்காரர் காலேஜ் பெயரைக் கேட்க மாட்டார்.

வெர்னியர் இல்லையா? ஒரு நூலைப் பைப்பைச் சுற்றி ஒரு சுற்று வைத்து, நூலை ஸ்கேலில் அளந்து 3.14-ஆல் வகுங்கள். வெளிவிட்டம் வந்துவிடும். ஞாபகம் வைக்க எளிதாக, சுற்றளவு மில்லிமீட்டரில்:

அரை இன்ச் சிபிவிசி: 50
அரை இன்ச் பிவிசி, 20 மி.மீ.: 63
அரை இன்ச் ஜிஐ: 67
முக்கால் இன்ச் ஜிஐ: 84
ஒரு இன்ச் ஜிஐ: 106
2 இன்ச் ஜிஐ: 189

ஹாஸ்டலில் இருப்பவர்கள் இன்றைக்கே பாத்ரூம் பைப்பை அளந்து பாருங்கள். மேலே உள்ள ஏதோ ஒன்றுக்குப் பக்கத்தில் வரும். பெயின்ட் அடித்திருந்தால் கொஞ்சம் கூடும்.

ரிவ்யூ அன்று எக்ஸ்டர்னல் வந்தவர் கிராஃபைப் பார்த்துவிட்டு ஒரே கேள்விதான் கேட்டார்: “உள்விட்டம் எப்படி எடுத்தீங்க? டேபிள்லயிருந்தா?”

“இல்ல சார், தண்ணி ஊத்தி அளந்தோம்.”

“யாரு சொல்லிக் குடுத்தா?”

“எங்கப்பா சார்.”

நாங்கள் முதலில் வெட்டிய 26 மி.மீ. ஓட்டை பிளேட் இரண்டும் இன்னும் இருக்கின்றன. ஒன்று பேனா ஸ்டாண்ட். இன்னொன்றை அப்பா பட்டறைக்கு எடுத்துக்கொண்டு போய்விட்டார், எதற்கோ வாஷராக ஆகுமாம்.

அடுத்த இதழில் வால்வு. கேட் வால்வை ஏன் பாதி திறந்து வைக்கக் கூடாது என்று பார்ப்போம்.